கலைச்சொல் விவாதம்: ‘காப்புப்பெயர்’ – வூக் என்னும் செர்பியப் பெயரை முன்வைத்து

குழும அன்பர்களுக்கு வணக்கம்.

தீயது அண்டாமலிருக்கக் குழந்தைக்கு இடப்படும் பெயரைப் பெயராய்வாளர்கள் ‘அப்போட்ரோபெயிக்’ பெயர் என்கிறார்கள். வருகின்ற கேட்டைத் திருப்பிவிடுதல் என்ற பொருளுடைய கிரேக்கச் சொல்லிலிருந்து அமைந்த அடைமொழி அது. இதற்கு இணையாக ‘விலக்குப்பெயர்’, ‘தாயத்துப்பெயர்’, ‘இழிபெயர்’ ஆகிய மூன்றும் இந்த இழையில் இதுவரை முன்மொழியப்பட்டுள்ளன. நான்காவதாக ‘காப்புப்பெயர்’ என்பதை முன்வைக்கிறேன். சொற்களை மட்டும் எதிரெதிரே வைத்து எடைபோடுவதைவிட, இவ்வகைப் பெயர்களுள் நன்கு பதிவான ஒன்றை எடுத்துக்கொண்டு, எந்தச் சொல் அதற்குப் பொருந்துகிறது என்று பார்ப்பது முறையாக இருக்கும். செர்பியர், குரோவாசியர் முதலிய தெற்கு ஸ்லாவியரிடையே இன்றும் ஆண்குழந்தைகளுக்கு இடப்படும் ‘வூக்’ என்ற பெயர் அதற்கு மிகவும் ஏற்றது.

செர்பிய மொழியில் வூக் என்றால் ஓநாய். ரஷ்ய மொழியில் வோல்க் என்றும் போலிய மொழியில் வில்க் என்றும் வழங்குவது இதே சொல்தான். வடமொழியின் ‘விருகம்’ இவற்றுக்கு உறவுச்சொல். ஓநாயின் வயிற்றை உடையவன் என்று பீமனுக்கு ‘விருகோதரன்’ என்ற பெயர் வழங்குவதை பாரதம் படித்தவர்கள் அறிவார்கள். வூகான், வூகாஷின், பெண்களுக்குரிய வூகோசாவா எனப் பல பெயர்கள் இந்த வேரிலிருந்து கிளைத்துள்ளன. இடைக்காலச் செர்பியாவை ஆண்ட நெமாஞ்சிச் அரசமரபைத் தோற்றுவித்த ஸ்தெஃபான் நெமாஞாவின் மூத்த மகன் பெயர் வூகான். 1371-இல் மரித்சா ஆற்றங்கரையில் துருக்கியரோடு போரிட்டு மாண்ட அரசன் பெயர் வூகாஷின். ஆக, இது காட்டோரச் சிற்றூர்களில் மட்டும் வழங்கிய பெயரன்று.

இந்தப் பெயரைப் பற்றிய மிகத் தெளிவான சான்று, அதைத் தாங்கிய ஒருவரிடமிருந்தே கிடைக்கிறது. செர்பிய எழுத்துமுறையைச் சீர்திருத்திய வூக் கராஜிச் 1787-இல், அன்று உதுமானியப் பேரரசின் ஆட்சியிலிருந்த மேற்குச் செர்பியாவில், லோஸ்னிட்சா நகருக்கு அருகிலுள்ள திர்ஷிச் என்ற ஊரில், ஸ்தெஃபானுக்கும் யெக்தாவுக்கும் மகனாகப் பிறந்தார். அவருக்கு முன் பிறந்த குழந்தைகள் தங்கவில்லை. 1818-இல் வியன்னாவில் அவர் வெளியிட்ட செர்பிய அகராதி, 26,270 சொற்களுக்கு ஜெர்மானியத்திலும் இலத்தீனிலும் பொருள் தந்தது. ஆனால் பல இடங்களில் அவர் பொருள் சொல்வதோடு நிற்காமல், அந்தச் சொல்லைச் சுற்றி மக்களிடம் என்ன நம்பிக்கை இருந்தது, என்ன வழக்கம் இருந்தது என்பதையும் எழுதிவைத்தார். நம் கலைச்சொல்லுக்கு வேண்டிய சான்று, சூனியக்காரியைக் குறிக்கும் ‘வ்யெஷ்டிட்சா’ என்ற சொல்லின் கீழ் இருக்கிறது.

அங்கே அவர் விவரிக்கும் நம்பிக்கை இது. சூனியக்காரி என்பவள் பேய் ஆவி குடிகொண்ட ஒரு பெண். அவள் தூங்கும்போது அந்த ஆவி உடலைவிட்டு வெளியேறி, வண்ணத்துப்பூச்சியாகவோ கோழியாகவோ வான்கோழியாகவோ உருமாறி வீடு வீடாகப் பறந்து மனிதரைத் தின்னும். சிறு குழந்தைகளைத் தின்பதில்தான் அதற்கு விருப்பம் மிகுதி. உறங்குகிறவரின் இடப்பக்க மார்பின்மேல் ஒரு கோலால் தட்டினால் மார்பு திறந்துகொள்ளும். உறங்குகிறவரின் இதயத்தை அவள் எடுத்துத் தின்றதும் மார்பு மீண்டும் மூடிக்கொள்ளும். இவ்வளவும் எழுதிய பிறகு அவர் தம் பெயருக்கு வருகிறார். ஒரு பெண்ணுக்குப் பிள்ளைகள் தங்காவிட்டால் அடுத்த பிள்ளைக்கு வூக் என்று பெயர் வைப்பார்கள். பிள்ளைகளைத் தின்கின்ற சூனியக்காரிகள் ஓநாயின்மேல் பாயத் துணியமாட்டார்கள் என்பது நம்பிக்கை. தமக்கும் அதனால்தான் இப்பெயர் இடப்பட்டது என்று அவர் முடிக்கிறார். அகராதிக்காரர் ஒருவர் தம் பெயரையே எடுத்துக்காட்டாக வைத்து ஒரு வழக்கத்தை விளக்கியிருக்கும் இந்தப் பதிவு எனக்கு மிகவும் பிடித்தமானது. பெயராய்வில் இவ்வளவு நேரடியான சான்று எளிதில் அகப்படுவதில்லை.

பெயர் மட்டும் தனித்து நின்று இந்த வேலையைச் செய்ததாகவும் மக்கள் நினைக்கவில்லை. தெற்கு ஸ்லாவிய நாடுகள் சிலவற்றில், ஆண்குழந்தை பிறந்ததும் ‘பெண் ஓநாய் ஓர் ஓநாயை ஈன்றிருக்கிறது, உலகம் அறியட்டும், பிள்ளை நலமாக இருக்கட்டும்’ என்னும் கருத்துப்பட உரக்க அறிவிப்பது வழக்கமாக இருந்திருக்கிறது. கொல்லப்பட்ட ஓநாயின் வாயைச் சுற்றியுள்ள தோலை வளையமாக அறுத்து உலர்த்தி வைத்துக்கொண்டு, அதனூடே குழந்தையை நுழைத்து எடுக்கும் சடங்கும் பதிவாகியுள்ளது. செர்பிய நாட்டார் சமயத்தை ஆராய்ந்த வெசெலின் சாய்கானொவிச், பழைய நம்பிக்கையில் ஓநாய்க்கு முன்னோர் வழிபாட்டோடு நெருங்கிய தொடர்பு உண்டென்று வாதிட்டவர். அந்த வாதத்தை முழுவதும் ஏற்காதவர்களும், ஓநாய் அங்கே ஆடு திருடும் விலங்கு மட்டுமாக இருந்ததில்லை என்பதை மறுக்க முடியாது.

இப்போது முன்மொழிவுகளுக்கு வருகிறேன்.

‘விலக்குப்பெயர்’ கிரேக்க மூலத்தின் பொருளுக்கு நெருக்கமானது என்பது உண்மை. ஆனால் அச்சத்தாலோ மரியாதையாலோ வாய்விட்டுச் சொல்லாமல் விலக்கப்படும் பெயருக்கும் நமக்கு ஒரு சொல் வேண்டும். அதற்குத்தான் இது இயல்பாகப் பொருந்துகிறது. ஸ்லாவிய மொழிகளே இதற்கு நல்ல சான்று தருகின்றன. கரடியின் பழம்பெயர் அம்மொழிகளில் அடியோடு வழக்கிழந்து, ‘தேனுண்ணி’ என்று பொருள்படும் ‘மெத்வேத்’ போன்ற வடிவங்களே எஞ்சியுள்ளன. ஓநாய்க்கும், பெயரைச் சொல்லாமல் சுட்டுவதற்காக, ‘சொல்லத்தகாதது’ என்னும் பொருளில் ‘நெபொமெனிக்’ என்ற சொல் செர்பியரிடம் உண்டு. அதாவது ஒரே விலங்கின் பெயர் ஓரிடத்தில் அச்சத்தால் விலக்கப்படுகிறது. மற்றோரிடத்தில் அந்த அச்சத்தின் வலிமைக்காகவே குழந்தைக்குச் சூட்டப்படுகிறது. இரண்டு நிகழ்வுகளையும் ஒரே கட்டுரையில் எழுத நேரும் ஆய்வாளருக்கு, இரண்டுக்கும் ‘விலக்குப்பெயர்’ என்றே கொடுத்தால் அவர் திண்டாட நேரும்.

‘இழிபெயர்’ நம் ஊர் வழக்கத்தை மனத்தில் வைத்து முன்மொழியப்பட்டது என்று தெரிகிறது. முன் பிறந்தவை தங்காத வீட்டில் பிறந்த பிள்ளையைக் குப்பைமேட்டில் கிடத்தி எடுத்துக் குப்பன், குப்பம்மாள் என்று பெயரிடுவதும், இரந்து பெற்றதாகப் பாவித்துப் பிச்சை என்று பெயரிடுவதும் நமக்குத் தெரிந்தவை. பழைய ரஷ்யாவில் வழங்கிய ‘நெக்ராஸ்’ என்ற பெயர் இந்த இனத்தைச் சேர்ந்தது. அழகில்லாதவன் என்பது அதன் பொருள்; நெக்ராசவ் என்ற குடும்பப்பெயர் அதிலிருந்தே வந்தது. இவற்றில் குழந்தை மதிப்பற்றது என்று காட்டி, கொண்டுபோக வருகிற சக்தியின் கண்ணிலிருந்து அதை மறைக்கிறார்கள். வூக் இதற்கு நேர் எதிரானது. அங்கே குழந்தையை மறைக்கவில்லை. வருகிறவள் அஞ்சும்படி அதற்குப் பல்லும் நகமும் கொடுக்கிறார்கள். ஆகவே இழிபெயர் என்பது ஒரு கிளையின் பெயராக நிற்கலாமே தவிர, முழு வகைக்கும் பெயராகாது. மறு கிளைக்கு, அதாவது வூக் போன்றவற்றுக்கு, ‘வெருட்டுப்பெயர்’ என்று வைக்கலாம்.

‘தாயத்துப்பெயர்’ அழகான சொல்தான். அது பிறமொழிச் சொல்லிலிருந்து வந்தது என்ற காரணத்துக்காக நான் அதை மறுக்கவில்லை. தாயத்து என்றதும் மந்திரித்துக் கட்டப்படும் ஒரு பொருள்தான் மனத்துக்கு வருகிறது. இந்தப் பெயர்களிலோ மந்திரிப்பவர் என்று ஒருவர் பெரும்பாலும் இல்லை, பெற்றோரே இடுகிறார்கள்.

‘காப்பு’ என்பதில் இந்தக் குறை இல்லை. தீங்கிலிருந்து காத்தல் என்ற செயலையும், அதற்காகக் கையில் அணியும் பொருளையும் அது ஒருங்கே குறிக்கும். பிள்ளைத்தமிழில் முதற்பருவமே காப்புப் பருவம். குழந்தையைக் காக்கும்படி தெய்வங்களை வேண்டுவதற்கென்றே அமைந்தது. குழந்தை, அச்சம், காவல் என்ற மூன்றும் ஏற்கெனவே கூடிநிற்கும் ஒரு சொல் கையில் இருக்கும்போது, புதிதாக ஒன்றை உருவாக்கத் தேவையில்லை என்பது என் கருத்து.

இதற்கு ஒரு மறுப்பு வரக்கூடும். கணினித்துறையில் ‘காப்புநகல்’ என்றும், சட்டத்தில் ‘காப்புரிமை’ என்றும் வழங்குவதால், காப்புப்பெயரை மாற்றாக வைத்திருக்கும் பெயர் என்றோ பதிவு செய்து காக்கப்பட்ட வணிகப்பெயர் என்றோ படித்துவிடமாட்டார்களா என்று கேட்கலாம். அந்த இரு துறைகளிலும் பெயரோ நகலோ காக்கப்படுகிறது. இங்கே பெயர் காக்கிறது. மேலும் பெயராய்வு, மானிடவியல், நாட்டார் வழக்காற்றியல் ஆகியவற்றில் வாசகர் இச்சொல்லைச் சந்திக்கும் இடம் குழந்தைப்பேறும் சடங்கும் பற்றிய இடமாகவே இருக்கும். குழப்பம் நேர வாய்ப்பு குறைவு.

இதைவிட முக்கியமான ஓர் எச்சரிக்கை வரையறையில் இடம்பெற வேண்டும். வூக் என்ற பெயரைக் கண்ட இடமெல்லாம் அதைக் காப்புப்பெயர் என்று எழுதிவிடக் கூடாது. செர்பியர் துருக்கியரோடு 1389-இல் பொருத கொசோவோ போர்க்காலத்துப் பெருநிலக்கிழார் வூக் பிரான்கொவிச்சை எடுத்துக்கொள்ளுங்கள். நாட்டுப்பாடல்கள் அவரைக் காட்டிக்கொடுத்தவராகப் பழிக்கின்றன. வரலாற்றாய்வு அந்தப் பழிக்கு ஆதாரம் காணவில்லை. அவருக்கு முன் பிறந்தவர்கள் இறந்ததால் இப்பெயர் வந்தது என்று சொல்ல இடமில்லை. ஓநாயின் வலிமை மகனுக்கு வரட்டும் என்றும், பாட்டன் பெயர் என்றும்கூட இப்பெயரை இடலாம். திர்ஷிச்சில் 1787-இல் இடப்பட்ட அதே பெயர் காப்புப்பெயர் ஆவதற்குக் காரணம், அதை இட்ட நோக்கம் நமக்குத் தெரிந்திருப்பதுதான். பெயரின் அகராதிப்பொருளை மட்டும் கொண்டு இந்த வகையை முடிவுசெய்ய முடியாது. ஆகவே பெயர்ச்சொல்லோடு ‘காப்புப்பெயரிடல்’ என்ற தொழிற்பெயரையும் சேர்த்தே பதிவு செய்ய வேண்டும். ‘வூக் ஒரு காப்புப்பெயர்’ என்பதைவிட ‘வூக் என்பது காப்புப்பெயராக இடப்பட்டது’ என்ற தொடரே ஆய்வெழுத்தில் சரியாக இருக்கும்.

எல்லையில் நிற்கும் சில பெயர்களையும் சுருக்கமாகக் குறிப்பிடுகிறேன். ‘உயிருள்ள’ என்னும் சொல்லிலிருந்து வந்த ஷிவ்கோ, நலத்தைக் குறிக்கும் ஸ்த்ராவ்கோ, நிற்றல் என்ற வேரிலிருந்து வந்த ஸ்தோயான் ஆகியவை பிள்ளை நிலைக்க வேண்டும் என்ற விருப்பத்தை நேராகச் சொல்கின்றன. எதையும் அஞ்சவைக்கவோ ஏமாற்றவோ முயலாத இவற்றை ‘வேண்டற்பெயர்’ என்று தனியே பிரிக்கலாம். ஸ்தானா என்ற பெண்பெயர் இன்னும் சிக்கலானது. அதுவும் நிற்றல் வேரைச் சேர்ந்ததுதான்; ஆனால் பெண்குழந்தைகள் பிறப்பது இத்தோடு நிற்கட்டும் என்ற எண்ணத்திலும் அது இடப்பட்டதுண்டு. தமிழ்நாட்டில் ‘போதும்பொண்ணு’, ‘வேண்டாம்’ என்று பெண்களுக்குப் பெயர் வைத்ததைப் போன்றது இது. அந்தப் பெயர் அந்தக் குழந்தையைக் காப்பதற்காக இடப்படவில்லை. அதைச் சுமக்கிற பெண்ணுக்கு வாழ்நாள் முழுவதும் வலிதருவது. இவ்வகையைக் காப்புப்பெயரின் கீழ்க் கொண்டுவருவதை நான் உறுதியாக எதிர்க்கிறேன். இதற்குத் ‘தடைப்பெயர்’ என்று வேறு சொல் கொடுப்போம்.

மேற்கண்டவற்றைக் கொண்டு நம் கலைச்சொல் தொகுப்புக்கான வரைவு பின்வருமாறு:

காப்புப்பெயர்: நோய், சாவு, கண்ணேறு, சூனியம் முதலியவற்றிலிருந்து குழந்தையைக் காக்கும் நோக்கத்தோடு இடப்படும் பெயர், நோக்கம் சான்றால் அறியப்படும் இடத்தில் மட்டும் ஆள்க. உட்பிரிவு: வெருட்டுப்பெயர் (வூக்), இழிபெயர் (நெக்ராஸ், குப்பன்). தொழிற்பெயர்: காப்புப்பெயரிடல். ஒப்பிடுக: வேண்டற்பெயர், தடைப்பெயர், விலக்குப்பெயர்.

‘வெருட்டுப்பெயர்’ என்பதற்குப் பதிலாக ‘வெருள்பெயர்’ என்று சுருக்கலாமா என்பதில் மட்டும் உறுப்பினர்கள் கருத்துச் சொல்லுங்கள். வெருள் என்பது தானே அஞ்சுவதையும் வெருட்டு என்பது பிறரை அஞ்சச் செய்வதையும் குறிப்பதால், நீளமானாலும் ‘வெருட்டுப்பெயர்’ என்பதையே வைத்துக்கொள்ளலாம் என்று எனக்குத் தோன்றுகிறது.

அன்புடன்.