மோசடி வழக்கு: ஹைகோர்ட்டில் குவாஷ் (வழக்கை ரத்து செய்யக் கேட்கும்) மனுவா, கீழ்க்கோர்ட்டில் விடுவிப்பு மனுவா?

வணக்கம். குழுவில் உள்ள வழக்கறிஞர்களும், இப்படியொரு வழக்கைப் பார்த்தவர்களும் வழி சொல்லுங்கள்.

மதுரையில் கடை வைத்திருக்கும் என் அண்ணன், தெரிந்தவர் ஒருவரிடம் கடன் வாங்கினார். பல மாதம் வங்கி வழியாகவே வட்டி கட்டினார். வியாபாரம் படுத்ததும் தவணை நின்றது. கடன் கொடுத்தவர் போன வருடக் கடைசியில் மோசடி என்று புகார் கொடுத்தார். இப்போது குற்றப்பத்திரிகையும் தாக்கலாகிவிட்டது. அண்ணி சரியாகச் சாப்பிடுவதுகூட இல்லை.

பணம் வாங்கும்போதே ஏமாற்றும் எண்ணம் இருந்தால்தான் மோசடி. பிறகு கட்ட முடியாமல் போனால் அது சிவில் விவகாரம் என்று உச்ச நீதிமன்றம் பலமுறை சொல்லியிருக்கிறது. புகாரை அப்படியே உண்மை என்று வைத்துக்கொண்டாலும் குற்றம் தெரியவில்லை என்றால் வழக்கை ரத்து செய்யலாம் என்பது உச்ச நீதிமன்றத்தின் 1990 பஜன்லால் தீர்ப்பு. குற்றப்பத்திரிகை வந்த பிறகும் உயர் நீதிமன்றம் ரத்து செய்யலாம் என்று 2018-இல் ஆனந்த் குமார் மொஹத்தா வழக்கில் தீர்ப்பு வந்திருக்கிறது.

அதனால் மதுரைக் கிளையில் பிஎன்எஸ்எஸ் (புதிய குற்றவியல் நடைமுறைச் சட்டம்) 528-ஆவது பிரிவின் கீழ் குவாஷ் மனு போடலாமா, சாட்சி விசாரணைக்கு முன்பே வழக்கிலிருந்து விடுவிக்கக் கேட்டு மாஜிஸ்திரேட்டிடமே விடுவிப்பு மனு போடலாமா? விடுவிப்புக்கு ஆவண நகல் கிடைத்து 60 நாள்தான் கெடு. குவாஷ் மனு நிலுவையில் இருந்தால் அந்தக் கெடு என்ன ஆகும்? வங்கி ஸ்டேட்மென்டை ஹைகோர்ட் இந்தக் கட்டத்தில் பார்க்குமா? அப்புறம், கடன் கொடுத்தவர் சமரசத்துக்கு வந்தால் எது சுலபம்?

நகல் இந்த வாரம் கிடைக்கும் என்கிறார்கள். அனுபவம் உள்ளவர்கள் தயவுசெய்து சொல்லுங்கள்.