‘அரசுசார் நிறுவனம்’ பொருந்துமா? தனியார் அமைப்பும் நீதிப்பேராணையும்

மதிப்பிற்குரிய ஐயா,

கொடைக்கானலிலிருந்து தாங்கள் அனுப்பிய சட்டச் சொற்பட்டியலில், உயர் நீதிமன்றத்தின் நீதிப்பேராணைக்கு (‘ரிட்’ எனப்படும் ஆணைக்கு) உட்படும் தனியார் அமைப்பை ‘அரசுசார் நிறுவனம்’ என்று குறித்திருக்கிறீர்கள். அச்சொல்லை ஏற்கத் தயங்குகிறேன். ‘அரசு’ எது என்பதை வரையறுப்பது அரசமைப்புச் சட்டத்தின் 12ஆம் உறுப்பு. 226ஆம் உறுப்போ, எந்த ஒருவருக்கும் எந்த அதிகார அமைப்புக்கும், அடிப்படை உரிமைகளுக்காக மட்டுமன்றி வேறு நோக்கங்களுக்காகவும் பேராணை பிறப்பிக்க உயர் நீதிமன்றத்துக்கு இடமளிக்கிறது. இந்தியக் கிரிக்கெட் கட்டுப்பாட்டு வாரியம் ‘அரசு’ ஆகாது என்று 2005இல் ஜீ டெலிஃபிலிம்ஸ் வழக்கில் பெரும்பான்மைத் தீர்ப்பளித்த உச்ச நீதிமன்றம், அவ்வாரியத்துக்கு எதிராக 226ஆம் உறுப்பின்கீழ் பரிகாரம் தேடலாம் என்பதையும் அதே தீர்ப்பில் சொன்னது. அப்படியிருக்க, ‘அரசுசார்’ என்ற அடைமொழி வாசகரைத் தவறான கேள்விக்கே இட்டுச் செல்லும்.

நீதிமன்றம் நிறுவனத்தை விடச் செயலையே எடைபோடுகிறது. ஊட்டியில் இயங்கும் ஓர் உறைவிடப் பள்ளியை எண்ணிப் பாருங்கள். கட்டாயக் கல்விச் சட்டம் அப்பள்ளிக்குப் பொருந்துமானால், நுழைவு வகுப்பில் ஒதுக்க வேண்டிய 25 விழுக்காட்டு இடங்களில் ஒன்றை மறுப்பது பேராணைக்கு உரிய செயலாகும். அதே பள்ளி தன் விடுதிச் சமையலரை ஒப்பந்தப்படி பணிநீக்கம் செய்தால், பணிநிலையைச் சட்டவிதி எதுவும் ஆளாத வரை, அது பொதுக்கடமையோடு, அதாவது பொதுமக்களுக்காக ஆற்ற வேண்டிய கடமையோடு, நேரடித் தொடர்பற்ற தனித் தகராறாகவே நிற்கும். செயின்ட் மேரிஸ் கல்விச் சங்க வழக்கில் 2022இல் உச்ச நீதிமன்றம் வகுத்த நெறி இதுதான்.

எனவே நிறுவனத்துக்குப் பெயர் சூட்டுவதை விடுத்து, ‘பொதுக்கடமைச் செயல்’ என்று செயலுக்கே பெயரிடலாம் என்பது என் முன்மொழிவு. ‘பொதுப்பணி’ என்றால் சாலை, அணை, கட்டடம் என்று பொதுப்பணித் துறையே நினைவுக்கு வரும். ‘பொதுநலப் பணி’ கண்சிகிச்சை முகாம் போல ஒலிக்கிறது. ‘மெயின்டெய்னபிள்’ என்பதற்கு நாளிதழ்கள் வழங்கும் ‘விசாரணைக்கு உகந்தது’ என்பதே போதும்.

கோத்தகிரியிலிருந்து,
தங்கள் அன்புள்ள மாணவன்

—

அன்புள்ள தம்பிக்கு,

‘அரசுசார்’ என்பதை நீக்கிவிடுகிறேன். ஆயினும் ‘பொதுக்கடமைச் செயல்’ ஒன்றே போதாது. உங்கள் மலையின் கூட்டுறவுத் தேயிலைத் தொழிற்சாலைகளை எண்ணுங்கள். கூட்டுறவுச் சங்கம் ‘அரசு’ அல்லாவிடினும், சட்டம் அதன்மீது சுமத்திய பொதுக்கடமையை நிறைவேற்றுவிக்கப் பேராணை கோரலாம் என்று மாரப்பன் வழக்கில் 2006இல் சென்னை உயர் நீதிமன்றப் பேரமர்வு கூறியது. மறுபுறம், மூடப்பட்ட குஜராத் கல்லூரி ஒன்றின் ஆசிரியர்களுக்குச் சேர வேண்டிய தொகை குறித்த 1989ஆம் ஆண்டு வழக்கில், கடமை சட்டவிதியிலிருந்தே பிறக்க வேண்டியதில்லை என்றது உச்ச நீதிமன்றம். இவ்விரண்டையும் பிரித்துக் காட்ட, முன்னதற்குச் ‘சட்டமுறைப் பொதுக்கடமை’ என்ற தனிப் பதிவு தேவை. வழக்குக்காக நீங்கள் சென்னைக்கும் நாங்கள் மதுரைக் கிளைக்கும் செல்கிறோம் என்றாலும் உயர் நீதிமன்றம் ஒன்றே. ஆதலால் இரு மலைக்கும் ஒரே பட்டியலாகவே வெளியிடுவோம். இரண்டு சொற்களுக்கும் விளக்கத்தை நீங்களே எழுதி அனுப்புங்கள்.