ஸ்டோக் காங்ரியைவிட 37 மீட்டர் மட்டுமே உயரமான டெனாலி ஏன் இவ்வளவு கடினம்?

ஜெயநகர்வாசி:
2019 கோடையில் லடாக்கின் ஸ்டோக் காங்ரி (6,153 மீட்டர்) உச்சியை அடைந்தேன். அலாஸ்காவின் டெனாலி 6,190 மீட்டர்தான். ஆயினும், பெங்களூருவில் என்னுடன் மலையேறும் நண்பர்கள், அந்த ஓர் அனுபவத்தை நம்பி டெனாலிக்குப் போக நினைப்பதே தவறு என்கிறார்கள். குளிர் கடுமையானது என்பது புரிகிறது. அது ஒன்றுதான் காரணமா? அறிந்தவர்கள் விளக்க வேண்டுகிறேன்.

காற்றுமானி:
இடமும் ஒரு காரணம். ஸ்டோக் காங்ரி 34 பாகை வட அட்சத்தில் இருக்கிறது. டெனாலி 63 பாகையில். நிலநடுக்கோட்டருகே 16 கிலோமீட்டருக்கு மேல் எழும் வளிமண்டலத்தின் கீழடுக்கு, துருவங்களை நெருங்கும்போது அதில் ஏறத்தாழ பாதியாகத் தாழ்ந்துவிடுகிறது. குளிர்ந்த காற்று தரையை ஒட்டிப் படிவதால், அங்கே மேலே ஏற ஏற அழுத்தம் விரைந்து குறைகிறது. ஆகவே, அதே உயரத்து இமயச் சிகரத்தில் கிடைக்கும் ஆக்சிஜன்கூட டெனாலியில் கிடைப்பதில்லை.

மலைநாடன்:
நண்பரே, காற்றைவிட என்னை வாட்டியது சுமைதான். ஸ்டோக் காங்ரியில், 2020-இல் அது மூடப்படும்வரை, 3,500 மீட்டர் உயர லேவில் தங்கி உடலைப் பழக்கிக்கொண்டு, சுமையைக் கோவேறு கழுதைகளிடம் விட்டுவிட்டு, ஏறத்தாழ 5,000 மீட்டரிலுள்ள அடிவார முகாமிலிருந்து நள்ளிரவில் புறப்பட்டு உச்சியைத் தொட்டுத் திரும்பினோம். டெனாலியில், டால்கீட்னா என்ற சிற்றூரிலிருந்து வரும் சிறு விமானம் கஹில்ட்னா பனியாற்றில், ஏறத்தாழ 2,200 மீட்டரில், நம்மை இறக்கிவிட்டுப் போய்விடும். உச்சி இன்னும் 4,000 மீட்டர் மேலே. கழுதையும் இல்லை, போர்ட்டரும் இல்லை. மூன்று வார உணவையும் எரிபொருளையும் கூடாரத்தையும் பாதி முதுகிலும் பாதி இடுப்பில் கட்டி இழுக்கும் சறுக்குப் பலகையிலுமாக நாமே கொண்டுசெல்கிறோம். சுமையில் ஒரு பகுதியை மேலே கொண்டுபோய்ப் பனியில் புதைத்துவிட்டு, இறங்கிவந்து உறங்கி, எஞ்சியதோடு மறுபடி புறப்படுவதால், அதே சரிவை இருமுறை ஏறுகிறோம். மூடிக்கிடக்கும் பனிப்பிளவுகளுக்கு அஞ்சி, ஒருவரோடொருவர் கயிற்றால் பிணைந்தே நடக்கிறோம்.

நான் போனபோது, 5,240 மீட்டர் முகாமில் ஐந்து நாட்கள் காற்று ஓயவில்லை. உணவு தீரும் நிலையில், உச்சியைக் காணாமலே இறங்கினோம். அந்த முடிவு சரியானது என்றே இன்றும் கருதுகிறேன்.

ஜெயநகர்வாசி:
இருவருக்கும் நன்றி. நந்தி மலைப் படிகளில் 20 கிலோ பையுடன் ஏறிப் பழகுவது போதுமா?

மலைநாடன்:
போதாது. இழுப்பதற்கு வேறு வலு வேண்டும். பழைய கார் டயரை இடுப்பில் கட்டி, ஏரிக்கரை மண்பாதையில் விடியற்காலைதோறும் ஓராண்டு இழுத்து நடந்தேன். பனியாற்றில் கைகொடுத்தது அதுதான். பனிப்பிளவில் விழுந்தவரை மீட்கும் முறையைப் பெங்களூருவில் பனியின்றி முழுமையாகப் பழக முடியாது. உத்தரகாசியிலுள்ள நேரு மலையேற்ற நிறுவனத்தில் அடிப்படைப் பயிற்சியை முதலில் முடியுங்கள். டெனாலியில் ஏறுவதற்கு 60 நாட்கள் முன்பே, அந்த மலை அமைந்துள்ள தேசியப் பூங்காவின் நிர்வாகத்திடம் பதிவு செய்ய வேண்டும். அந்தப் பதிவைப் பயிற்சி முடிந்த பிறகு செய்துகொள்ளலாம்.