கூடுதல் இடத்தில் படித்த எம்.டி. பட்டம்: பதிவு செய்ய மாநில மருத்துவ கவுன்சில் மறுக்கலாமா?

மயக்கவியல் மருத்துவர் (கேள்வி):
அண்டை மாநிலத்துத் தனியார் மருத்துவக் கல்லூரி ஒன்றில், நீட் முதுநிலைத் தேர்வு எழுதி, அரசுக் கலந்தாய்வின் வழியாகவே இடம் பெற்று, 2019-இல் மயக்கவியல் எம்.டி. சேர்ந்து 2022-இல் தேர்ச்சி அடைந்தேன். அத்துறையில் முன்பு 2 இடங்களே இருந்தன. நான் சேர்வதற்குச் சற்று முன் மத்திய அரசின் அனுமதியோடு அவை 5 ஆக உயர்த்தப்பட்டன. இப்போது கூடுதல் தகுதிப் பதிவுக்கு விண்ணப்பித்தால், பழைய 2 இடங்களுக்கு மட்டுமே அங்கீகாரம் உண்டு, உயர்த்தப்பட்ட 3 இடங்களுக்கு வெறும் அனுமதிதான் உள்ளது என்று கூறி மாநில கவுன்சில் மனுவைத் திருப்பிவிட்டது. ஐவரும் ஒரே வகுப்பில் படித்து, ஒரே தேர்வை எழுதினோம். பட்டச் சான்றிதழிலும் ஓர் எழுத்துகூட வேறுபடவில்லை. இருந்தும் இருவருக்கு மட்டும் பதிவு கிடைத்திருக்கிறது. கல்லூரியைக் கேட்டால், ஆய்வுக்கு விண்ணப்பித்திருப்பதாகச் சொல்கிறார்கள். அரசுப் பணி அறிவிக்கையோ பதிவுச் சான்றைக் கட்டாயமாகக் கேட்கிறது. நீதிமன்றத்தை நாட வழி உண்டா?

வழக்கறிஞர்:
மருத்துவர் அவர்களுக்கு வணக்கம். உங்கள் சிக்கலின் வேர், அனுமதியும் அங்கீகாரமும் சட்டத்தில் இரு வேறு படிகளாக இருப்பதில் உள்ளது. 1956-ஆம் ஆண்டின் இந்திய மருத்துவ கவுன்சில் சட்டத்தில், இடங்களை உயர்த்துவதற்கான அனுமதி 10ஏ பிரிவின் கீழ் வந்தது. முதல் அணி இறுதித் தேர்வு எழுதும் வேளையில் ஆய்வு நடந்து, அதன் அறிக்கை ஏற்கப்பட்ட பிறகே, 11(2) பிரிவின் கீழ் அரசிதழ் அறிவிக்கை மூலம் பட்டம் முதல் அட்டவணையில், அதாவது அங்கீகரிக்கப்பட்ட பட்டங்களின் பட்டியலில், சேர்ந்தது. உங்கள் அனுமதி அந்தச் சட்டத்தின் கீழ் வந்தது. ஆனால் 2020 செப்டம்பர் 25 முதல் தேசிய மருத்துவ ஆணையச் சட்டம் நடைமுறைக்கு வந்துவிட்டதால், அங்கீகாரத்தை இனி அதன் 35-ஆம் பிரிவின்படி முதுநிலை மருத்துவக் கல்வி வாரியம்தான் தர வேண்டும்.

இங்கேதான் பெரும் அநீதி இருப்பதாக நான் கருதுகிறேன்: பழைய சட்டமானாலும் புதிய சட்டமானாலும், அங்கீகாரம் கோரி விண்ணப்பிக்கும் உரிமை பல்கலைக்கழகத்துக்கும் கல்வி நிறுவனத்துக்கும்தான் உண்டு, படித்தவருக்கு இல்லை. அவர்கள் தாமதித்தாலும் வாரியம் தாமதித்தாலும் இழப்பு முழுவதும் மருத்துவர் தலையில் விழுகிறது. ஆகவே அரசியலமைப்பின் 226-ஆம் பிரிவின் கீழ் உயர் நீதிமன்றத்தில் ரிட் மனு தாக்கல் செய்வதே உங்களுக்குள்ள வழி. கவுன்சிலை மட்டும் எதிர்மனுதாரராகச் சேர்த்தால் போதாது; ஆணையம், பல்கலைக்கழகம், கல்லூரி ஆகிய மூன்றையும் சேருங்கள்.

ஒன்றை முதலில் உறுதி செய்துகொள்ளுங்கள். நீங்கள் சேர்ந்த ஆண்டுக்கு அந்த 5 இடங்களுக்கும் அனுமதிக் கடிதம் இருந்ததா? இருந்தால் உங்கள் நிலை வலுவானது. அனுமதியே இல்லாத இடமாக இருந்தால், பழைய சட்டத்தின் 10பி பிரிவு அத்தகைய பட்டத்தை ஏற்கவே தடை விதித்தது.

தடயவியல் மருத்துவப் பேராசிரியர் (ஓய்வு):
எங்கள் துறையினர் மறக்கக் கூடாத தீர்ப்பு ஒன்று உண்டு. பீகாரில் பெற்ற தடயவியல் மருத்துவ எம்.டி. பட்டத்தை ராஜஸ்தான் பல்கலைக்கழகம் ஏற்கவில்லை என்ற காரணத்தால் ஒருவருக்கு விரிவுரையாளர் பதவி மறுக்கப்பட்டபோது, 1982-இல் உச்ச நீதிமன்றம், சட்டப்படி அமைந்த பல்கலைக்கழகம் வழங்கி மருத்துவ கவுன்சில் அட்டவணையிலும் இடம்பெற்ற பட்டம் நாடு முழுவதும் செல்லும் என்றும், வேறொரு பல்கலைக்கழகத்தின் தனி ஏற்பு தேவையில்லை என்றும் கூறியது. அதுவே பி.எல். அசாவா வழக்கு. ஆனால் அங்கே பட்டம் அட்டவணையில் இருந்தது. உங்கள் வழக்கிலோ உயர்த்தப்பட்ட இடங்கள் அதற்குள் அடங்குமா என்பதே வினா. எனவே அரசிதழ் அறிவிக்கையின் வாசகத்தை வரி வரியாகப் படியுங்கள்: எந்த ஆண்டு முதல் வழங்கப்படும் பட்டம் என்றும், முதுநிலை அங்கீகாரம் அதிகபட்சம் 5 ஆண்டுகளுக்கே என்றும், பின்னர் புதுப்பிக்க வேண்டும் என்றும் அதில் குறிப்பு இருக்கும்.

டி.என்.பி. (தேசியத் தேர்வு வாரியத்தின் முதுநிலைத் தகுதி) முடித்தவர்:
எங்கள் தரப்பிலும் இதே போராட்டம்தான். 500 படுக்கைகளுக்குக் குறைவான, மருத்துவக் கல்லூரியோடு சேராத மருத்துவமனையில் படித்தவர்கள், ஆசிரியப் பணிக்கு நிகர்த் தகுதி பெற, மருத்துவக் கல்லூரியில் கூடுதலாக ஓராண்டு சீனியர் ரெசிடென்சி (மூத்த உறைவிட மருத்துவர் பணி) செய்ய வேண்டும் என்று 2019-ஆம் ஆண்டின் தேசிய மருத்துவ ஆணையச் சட்டமே சொல்கிறது.

மயக்கவியல் மருத்துவர்:
அனுமதிக் கடிதத்தின் நகலைக் கல்லூரியிலிருந்து பெற்றுவிட்டேன். 5 இடங்கள் என்று தெளிவாக உள்ளது. பணி விண்ணப்பத்துக்கான கடைசி நாள் நெருங்குவதால்தான் கவலைப்படுகிறேன், ஐயா.

வழக்கறிஞர்:
அந்தக் கடிதம்தான் உங்கள் முதன்மை ஆவணம். இடைக்கால உத்தரவாகப் பதிவையே கேட்காமல், வழக்கின் முடிவுக்குக் கட்டுப்பட்டு விண்ணப்பத்தைத் தற்காலிகமாக ஏற்கும்படி அரசுப் பணிக்கு ஆளெடுக்கும் தேர்வு வாரியத்துக்கு உத்தரவிடக் கோருங்கள். நீதிமன்றங்கள் அதற்கு எளிதில் இசையும். மருத்துவக் கல்வி வழக்குகளில் இறுதி நிவாரணத்தையே இடைக்காலத்தில் தருவதை உச்ச நீதிமன்றம் கண்டித்திருக்கிறது. 2016-இல் கலிங்கா மருத்துவ அறிவியல் நிறுவன வழக்கில், இடைக்கால உத்தரவைக் கொண்டு மாணவர்களைச் சேர்த்ததற்காக அந்நிறுவனத்துக்கு 5 கோடி ரூபாய் செலவுத்தொகை விதித்தது, ஆயினும் மாணவர்களின் படிப்பைக் குலைக்கவில்லை. இந்தப் பிற்பகுதியை உங்கள் மனுவில் அழுத்தமாக எழுதச் சொல்லுங்கள். அங்கீகாரம் கோரும் விண்ணப்பம் எந்த நாளில் அனுப்பப்பட்டது என்று கல்லூரியிடமிருந்து எழுத்துமூலம் பெறுங்கள். ஆறு மாதத்துக்குள் முதுநிலை மருத்துவக் கல்வி வாரியம் அதைப் பரிசீலிக்க வேண்டும் என்பது சட்டத்திலேயே உள்ளதால், அக்கெடு கடந்திருந்தால் முடிவெடுக்கும்படி ஆணையத்துக்கு உத்தரவிடவும் அதே மனுவில் கோரலாம். பதிவு கிடைக்கும் வரை பெயர்ப்பலகையில் எம்.டி. என்று போட வேண்டாம்.