குறைந்த செலவில் ஸ்கோப் மவுன்ட்: எங்கே மிச்சம் பிடிக்கலாம், எங்கே கூடாது

துப்பாக்கியில் குறி பார்க்கும் தொலைநோக்கியான ஸ்கோப்புக்கு மட்டும் தாராளமாகச் செலவழித்துவிட்டு, அதைத் துப்பாக்கியில் பொருத்தும் மவுன்ட் வாங்கப் போனால் கை இறுகிவிடும் நம்மில் பலருக்கும். நானும் மிச்சம் பிடிக்கிற கட்சிதான். ஆனால் ஸ்கோப்பைச் சுற்றிப் பிடிக்கிற ரிங்கில் மிச்சம் பிடியுங்கள், துப்பாக்கி மேல் திருகி ரிங்கைத் தாங்குகிற பேஸிலும் அதன் திருகுகளிலும் பிடிக்காதீர்கள் என்றுதான் யார் கேட்டாலும் சொல்வேன். துப்பாக்கிக்கு அச்சாகப் பொருந்துகிற பேஸ் இருந்து, திருகை அளந்து முறுக்க ஒரு டார்க் ஸ்க்ரூடிரைவரும் கையில் இருந்தால், நடுத்தர விலை ரிங்கே காலத்துக்கும் வரும்.

இப்படிச் சொல்வதற்குக் காரணம் நண்பர் ஒருவரின் .30-06 வேட்டைத் துப்பாக்கி. ஸ்கோப் போய்விட்டது, ஜீரோ (குறியும் குண்டு விழும் இடமும் ஒத்துப்போவது) நிற்கவே மாட்டேன் என்கிறது என்று கொண்டு வந்தார். அட்டையைப் பார்த்தால் குண்டுகள் சிதறவில்லை, இரண்டு கொத்தாக விழுந்திருந்தன, ஒன்று சரியான இடத்தில், இன்னொன்று நாலு விரல் தள்ளி. இந்த மாதிரி இரண்டு இடத்தில் குரூப் விழுந்தால் முதலில் மவுன்ட்டைச் சந்தேகப்படுங்கள், ஏதோ ஒன்று இரண்டு நிலைகளுக்கு நடுவே போய் வந்துகொண்டிருக்கிறது என்று அர்த்தம். ரிங்கைக் கழற்றிவிட்டு முன்பக்க பேஸைத் தொட்டால், ஒரு திருகு விரல் நகத்துக்கே திரும்பியது. வெளியே எடுத்தபோது மரை முழுக்க தொழிற்சாலையில் தடவி அனுப்பிய எண்ணெய், கறுத்துப்போய் அப்படியே இருந்தது. துளையையும் திருகையும் ஐசோபுரொப்பைல் ஆல்கஹால் போட்டுத் துடைத்து, காய்ந்ததும் நீல லாக்டைட் (திருகு தளராமல் பிடிக்கும் பசை) ஒரு சொட்டு, அப்புறம் பேஸ் தயாரிப்பாளர் கொடுத்திருந்த அளவுக்கு முறுக்கினோம். அதே ஸ்கோப், அதே ரிங். குரூப் ஒன்றாகிவிட்டது. மனிதர் புது ஸ்கோப்புக்கு ஆர்டர் போடும் நிலையில் இருந்தார்.

பேஸ் திருகுகள் பெரும்பாலும் 6-48 என்கிற மெல்லிய மரை. வேட்டைத் துப்பாக்கியின் உதைப்பு முழுவதையும் இந்தச் சின்னத் திருகுகள்தான் தாங்குகின்றன. உதைப்பு அதிகமான துப்பாக்கிகளில் சில 8-40 என்கிற தடித்த திருகோடு வருவதும் இதற்காகத்தான்.

ரிங் விஷயத்துக்கு வருகிறேன். ஸ்கோப்போடு இலவசமாக வரும் வார்ப்பு அலுமினிய ரிங்கை மட்டும் தூரப் போடுங்கள். அப்படி ஒன்றில், மூடித் திருகை (ரிங்கின் மேல் பாதியை இறுக்குவது) 15 இன்ச்-பவுண்டு (முறுக்கு அளவு) வைத்து முறுக்கும்போதே மரை மொத்தமாக உருவிக்கொண்டு வந்ததைப் பக்கத்தில் இருந்து பார்த்தேன். கடைந்தெடுத்த எஃகு அல்லது நல்ல அலுமினிய ரிங், டார்க்ஸ் (ஆறுமுனை நட்சத்திரக் குழி) தலைத் திருகு, இவ்வளவு போதும். அதற்கு மேல் கொடுக்கிற காசு பெரும்பாலும் எடைக் குறைப்புக்கும் பெயருக்கும்தான் போகிறது.

*

மேலே எழுதிய அண்ணன் சொன்ன திருகு விஷயத்தோடு இதையும் சேர்த்துக்கொள்ளுங்கள். பேஸோடு வரும் திருகுகள் எல்லாம் ஒரே நீளம் இல்லை. என் மச்சான் அவற்றை மேசையில் கொட்டி, கைக்கு வந்ததை எடுத்துப் போட்டிருக்கிறார். மறுநாள் போல்ட் (தோட்டாவை அறைக்குள் தள்ளி மூடும் உருளை) மூட மறுக்கிறது, கையால் தட்டித் தட்டி மூடுகிறார். போல்ட்டை உருவிப் பார்த்தால், முன் லக்கின் (போல்ட்டைப் பூட்டும் புடைப்பு) மேல் புதிதாக ஒரு பளபளக்கும் கோடு, கறுப்பு போய் வெள்ளையாகத் தேய்ந்திருந்தது. முன் பேஸின் திருகு, போல்ட் ஓடும் கூடான ரிசீவருக்குள் எட்டிப் பார்த்து லக்கை உரசிக்கொண்டு இருந்திருக்கிறது. இன்னொரு கோளாறும் உண்டு, திருகு நீளமாக இருந்து துளையின் அடியில் முட்டி நின்றுவிட்டால் நமக்கு இறுகிய மாதிரி தெரியும், ஆனால் பேஸைப் பிடித்திருக்காது. அதனால் ஒவ்வொரு திருகாகப் போட்டு, போல்ட்டை முன்னும் பின்னும் ஓட்டிப் பாருங்கள். (அறையில் தோட்டா இல்லை என்று கண்ணாலும் விரலாலும் பார்த்துவிட்டுத்தான், இதைத் தனியாகச் சொல்ல வேண்டியதில்லை, ஆனாலும் சொல்கிறேன்.)

பேஸ் வாங்கும்போது மாடல் பெயர் மட்டும் பார்த்தால் போதாது. ரெமிங்டன் 700-இல் ரிசீவரின் பின் பாலம் (பின்பக்க மேல்பகுதி) முன்பக்கத்தைவிடத் தாழ்வு, அதனால் முன் பேஸும் பின் பேஸும் வெவ்வேறு உயரம். பழைய சாவேஜ் 110-இல் ரிசீவரின் பின்பகுதி தட்டை, பிந்தையவற்றில் உருண்டை, ஒன்றின் பேஸ் மற்றதில் உட்காராது. பழைய துப்பாக்கி கைமாறி வந்திருந்தால் புகைப்படத்தை நம்பாமல் தொட்டுப் பார்த்துவிட்டு ஆர்டர் போடுங்கள்.

*

செலவைக் குறைக்க வேண்டும் என்றால் பேஸே வேண்டாத துப்பாக்கியாகப் பார்த்து வாங்கலாமே! டிக்கா டி3-இல் ரிசீவர் மேலேயே 17 மி.மீ டவ்டெயில் (ரிங் கவ்விக்கொள்ளும் சாய்வு விளிம்பு) இருக்கிறது, அதற்கான ரிங்கை நேராகப் பூட்டலாம். சீஇசட் 550-இல் 19 மி.மீ, 527-இல் 16 மி.மீ. ரூகர் எம்77 ஹாக்ஐ வாங்கினால் பெட்டியிலேயே ரிங் வரும். பேஸ் இல்லாவிட்டால் பேஸ் திருகு தளர்வதும் இல்லை. ஆனால் ரிங் தேர்வு குறைவு, உயரமும் கிடைத்ததைத்தான் எடுக்க வேண்டும்.

ரெயில்தான் (குறுக்கே வெட்டுகள் உள்ள நீளப் பேஸ்) வேண்டும் என்பவர்கள், அதன் இரண்டு வகைகளான வீவரையும் பிக்காட்டினியையும் ஒன்று என்று நினைக்காதீர்கள். பிக்காட்டினி வெட்டு 0.206 அங்குல அகலம், வெட்டுக்கு வெட்டு இடைவெளியும் ஒரே சீர். வீவரில் 0.180, இடைவெளிக்கு உத்தரவாதம் இல்லை. அதனால் வீவர் ரிங் பிக்காட்டினியில் பொதுவாக உட்கார்ந்துவிடும், பிக்காட்டினி ரிங்கின் குறுக்குத் தண்டு வீவர் வெட்டுக்குள் இறங்காது. தள்ளுபடியில் கிடைத்தது என்று வாங்கிவிட்டு அரத்தோடு உட்கார்ந்தவர்களை எனக்குத் தெரியும். வீவர் ரிங்கைப் பிக்காட்டினியில் போட்டால் கொஞ்சம் ஆட்டம் இருக்கும், இறுக்கும் முன் ரிங்கைக் குழல் பக்கமாக முன்னே தள்ளி, வெட்டின் முன்சுவரில் முட்டவிட்டு இறுக்குங்கள். துப்பாக்கி பின்னால் உதைக்கும்போது ஸ்கோப் இருந்த இடத்திலேயே நிற்கப் பார்க்கும், அதாவது துப்பாக்கியை வைத்துப் பார்த்தால் முன்னே நகரும். ஏற்கெனவே முட்டிக்கொண்டு இருந்தால் நகர இடமில்லை.

*

ரிங் உயரம் பற்றி யாரும் பேசவில்லையே. ஒரு நிறுவனத்தின் 'மீடியம்' இன்னொரு நிறுவனத்தில் 'லோ', பெயரை நம்பி வாங்கினால் திருப்பி அனுப்பும் செலவுதான் மிச்சம். பேஸின் மேற்பரப்பிலிருந்து ரிங்கின் நடுமையம் வரை எத்தனை மி.மீ என்று பாருங்கள். 40 மி.மீ ஸ்கோப் என்றால் அது கண்ணாடியின் அளவு, வெளிச்சுற்று அதைவிடப் பெரிது, காலிப்பரில் அளந்துகொள்ளுங்கள். குழலுக்கும் ஸ்கோப்புக்கும் நடுவே இரண்டு மூன்று மி.மீ இருந்தால் தாராளம், மூடி போடுபவர்கள் மூடியின் தடிமனையும் சேர்த்துக்கொள்ள வேண்டும். போல்ட் பிடி மேலே எழும்பும்போது கண் பக்கத்து முனையில் இடிக்கிறதா என்பதையும் பாருங்கள், குழலில் இடம் இருந்தும் பலருக்கு அங்கேதான் தடுக்கும். இவ்வளவும் கடந்துவிட்டால் எவ்வளவு தாழ்வோ அவ்வளவு நல்லது, கன்னம் கட்டையில் படியும். உயர ரிங் வாங்கிவிட்டுக் கழுத்தை நீட்டிக் குறி பார்ப்பதெல்லாம், மான் நிற்கிற மூன்று விநாடியில் நடக்காது.

ஸ்கோப் குழலில் ரிங் தடம் விழுகிறது என்று கவலைப்படுபவர்களுக்கு பர்ரிஸ் சிக்னேச்சர் ஸீ ரிங் நல்ல வழி. உள்ளே பாலிமர் வளையம், அது கோளம்போல் திரும்பித் தானாக ஒத்துக்கொள்ளும், அதனால் ரிங்கைத் தேய்த்துச் சமன் செய்யும் வேலையே இல்லை. துப்பாக்கியின் துளைகளே கோணலாக இருந்து ஸ்கோப்பின் பக்கவாட்டுத் திருகல் (குறியை இடம் வலமாக நகர்த்தும் அளவு) முழுவதும் தீர்ந்துபோனால், மையம் விலகிய வளையங்களும் அதற்குக் கிடைக்கின்றன. மலிவு ரிங் வாங்கி, அதைத் தேய்க்க உருளையும் பசையும் வாங்குகிற கணக்கைப் போட்டுப் பாருங்கள், இதுவே மலிவு.

*

ஒரு சந்தேகம். 20 எம்ஓஏ (ஒரு எம்ஓஏ என்பது ஒரு டிகிரியில் அறுபதில் ஒரு பங்கு) சாய்வுள்ள ரெயில் கிட்டத்தட்ட அதே விலைக்குக் கிடைக்கிறது. அதையே போட்டுவிடலாமா?

*

தம்பி, எவ்வளவு தூரம் சுடப்போகிறீர்கள்? 300 மீட்டருக்குள் என்றால் வேண்டாம். 20 எம்ஓஏ என்பது 100 மீட்டரில் ஏறக்குறைய 58 செ.மீ. உங்கள் ஸ்கோப்பில் மேலும் கீழும் சேர்த்து மொத்தமே 40 எம்ஓஏ இருந்தால், நடுவிலிருந்து கீழே 20தான். சாய்வு ரெயில் அதை அப்படியே விழுங்கிவிடும், 100 மீட்டரில் ஜீரோ செய்யவே இடம் இருக்காது. மொத்தத் திருகல் 60, 70 உள்ள ஸ்கோப் என்றால் பிரச்சினை இல்லை, ஆனால் வேட்டைத் தூரத்துக்கு அதனால் ஆகப்போவதும் ஒன்றுமில்லை. நேர் ரெயில், இல்லாவிட்டால் இரண்டு துண்டு பேஸ், அது போதும். இரண்டு துண்டில் மேலிருந்து தோட்டா போடக் கைக்கு இடமும் கிடைக்கும்.

முறுக்கும் அளவு தெரிய வேண்டியவர்களுக்கு: ரிங் மூடித் திருகுக்குப் பல தயாரிப்பாளர்கள் 15 முதல் 18 இன்ச்-பவுண்டுக்குள் சொல்கிறார்கள், உங்கள் பெட்டியில் உள்ள தாளில் வேறு அளவு இருந்தால் அதுதான் கணக்கு. மூடித் திருகுக்கு லாக்டைட் போடாதீர்கள், ஈரமான மரையில் அதே அளவுக்கு முறுக்கினாலும் பிடி கூடுதலாக விழும், ஸ்கோப் குழல் நசுங்கும். நாலு திருகையும் எதிரெதிராகக் கொஞ்சம் கொஞ்சமாக, இரண்டு பக்கமும் இடைவெளி சமமாக இருக்கும்படி கொண்டு வாருங்கள். முறுக்க முறுக்க ஸ்கோப் மெல்ல ஒரு பக்கம் திரும்பும், எனவே தூரத்தில் ஒரு தூக்குக்குண்டு நூலைத் தொங்கவிட்டு, குறுக்குக்கம்பி அதோடு ஒத்துப்போகிறதா என்று இடையிடையே பார்த்துக்கொள்ளுங்கள். எல்லாம் முடிந்ததும் திருகுத் தலையிலிருந்து பேஸ் வரை பெயின்ட் பேனாவால் ஒரு கோடு. அடுத்த முறை துப்பாக்கியை வெளியே எடுக்கும்போது கோடு உடைந்திருந்தால் திருகு நகர்ந்திருக்கிறது, ஒரு குண்டுகூடச் செலவழிக்காமல் தெரிந்துவிடும்.