65 சதவீதம் லித்தியமாம்! எந்தப் பக்கத்தில் இருக்கு?

தராசு:
பக்கத்து விவாதத் திரியில் ஒருத்தர், "2025 முடிவுக்குள் பழைய பேட்டரியில் இருக்கும் லித்தியத்தில் 65 சதவீதத்தை மீட்டே ஆகணும்னு ஐரோப்பா சட்டம் போட்டாச்சு" என்று அடித்து விட்டிருக்கிறார். ஐரோப்பாவின் பேட்டரிச் சட்டமான 2023/1542 விதியைத் திறந்தாவது பார்த்தாரா? அந்த 65, லித்தியம் வகை பேட்டரியின் மொத்த எடைக்கு. லித்தியத்துக்கு இலக்கு தனி: 2027 முடிவில் 50, 2031 முடிவில் 80.

உலைக்காரன்:
அந்த ஒருத்தர் நான்தான், பெயரைச் சொல்லியே திட்டலாம். பேட்டரிக்கு 65 என்றால் லித்தியம் அதுக்குள்ள இல்லாம வெளியிலா இருக்கு? சட்டம் வந்ததால ஆலைகள் வருது, அதைப் பேசுங்க.

தராசு:
உள்ளேதான் இருக்கு. எவ்வளவு? 100 கிலோ செல்லில் சுமார் 2 கிலோ. அதை முழுசா கோட்டைவிட்டாலும் எடைக் கணக்கில் 2 புள்ளிதான் அடிபடும். உங்க உலையில் நடப்பதும் அதுதான்: செம்பு, நிக்கல், கோபால்ட் உருகி அடியில் இறங்கும், லித்தியம் கசடோடு போகும். அதனால்தான் தனியா 50 வைத்தார்கள். 65 எடைக்கு, 50 லித்தியத்துக்கு.

அமிலம்70:
அந்த 50-ஐத் தொடுவதே லேசு இல்லைங்க. பேட்டரியை அரைச்சா வரும் கறுப்புப் பொடியை, அதான் பிளாக் மாஸை, கந்தக அமிலம், ஹைட்ரஜன் பெராக்சைடு சேர்த்து 60-80 டிகிரியில் கரைச்சா எல்லாம் ஒண்ணா வரும், லித்தியம் கடைசியில்தான் பிரியும். நடுவில் அலுமினியத்தை இறக்க பி.எச். 5 பக்கம் ஏத்தும்போது கூழாட்டம் ஹைட்ராக்சைடு விழும். அது லித்தியத்தையும் நிக்கலையும் பிடிச்சு வெச்சுக்கும். கழுவலேன்னா நஷ்டம், அதிகமாக் கழுவினா கரைசல் நீர்த்துப்போகும். கடைசியில் சோடா சாம்பல் (சோடியம் கார்பனேட்) போட்டு லித்தியம் கார்பனேட்டா இறக்கினதும் 90 டிகிரி சூட்டிலேயே வடிகட்டணும். அது சூட்டில்தான் குறைவாக் கரையும். ஆறவிட்டா மறுபடி தண்ணியிலேயே போயிடும்.

உலைக்காரன்:
பாடத்துக்கு நன்றி. சீனா 2024 தரவிதியில் லித்தியத்துக்கு 90 வெச்சிருக்கு. அதுக்கு முன்னால உங்க 50 எம்மாத்திரம்?

தராசு:
65-லிருந்து 90-க்குத் தாவியாச்சா! அது அரசின் அங்கீகாரப் பட்டியலில் சேர நினைக்கும் ஆலைக்கான நிபந்தனை. பட்டியலில் இல்லாத பட்டறைக்குக் கழிவுநீர்ச் செலவு கிடையாது, அதனால் கூட விலை கொடுத்துப் பழைய பேக்கை (பல செல் சேர்ந்த முழு பேட்டரியை) தூக்கிக்கொண்டு போகும். இலக்கை மட்டும் ஏற்றினால் அங்கீகார ஆலைக்குச் சரக்கு வந்துவிடுமா? அது கிடக்கட்டும், 65 லித்தியத்துக்கு என்று எந்தப் பக்கத்தில் இருக்கு?

தனித்தமிழ்:
பேட்டரி, பேட்டரி என்கிறீர்களே. மின்கலம் என்று எழுதினால் கை வலிக்குமா?

அமிலம்70:
மின்கலம்னா ஒத்தை செல்தாங்க. பேக்கையும் செல்லையும் ஒரே பேரில் கூப்பிட்டா மேலே சொன்ன 2 கிலோ கணக்கே தப்பாப் போயிடும்.

தனித்தமிழ்:
மின்கல அடுக்கு என்று சொல் இருக்கிறது. தேடும் பழக்கம் வேண்டும்.

உலைக்காரன்:
2025 மார்ச்சில் பிளாக் மாஸை ஆபத்தான கழிவுன்னு ஐரோப்பா அறிவிச்சுது. அந்த விதிப்படி, ஓ.இ.சி.டி. என்கிற வளர்ந்த நாடுகளின் கூட்டமைப்பில் சேராத நாட்டுக்கு அதை அனுப்ப முடியாது. கொள்கை சரக்கைத் திருப்புதா இல்லையா? இதுக்குப் பதில் வராதே, பக்கம் எண்தானே வேணும்.

தராசு:
திருப்பும், யார் மறுத்தது? 65 தப்பு என்றுதானே முதலிலிருந்து சொல்கிறேன். போன மாதம் முழு பேக்கை உப்புத் தண்ணீரில் முக்கி மின்னிறக்கச் சொன்னவரும் இவர்தான்! 400 வோல்ட் பேக்கை முக்கினால் முனைகள் அரித்து, ஹைட்ரஜனும் குளோரினும் கிளம்பும். உறை கிழிந்து தண்ணீர் உள்ளே போனால் ஹைட்ரஜன் புளோரைடும் சேரும். மின்தடை மாதிரி வெளிச்சுமையில் கோர்த்து மின்னை இறக்கணும், இறக்கியபின் மின்னழுத்தம் மறுபடி ஏறுதா என்று பார்க்கணும்.

உலைக்காரன்:
அது சின்ன செல்லுக்குச் சொன்னது. அந்தத் திரியைப் போய்ப் படிங்க.

தராசு:
படித்தேன். "பேக்" என்றுதான் இருக்கு. 65-க்குப் பக்கம் எண் இன்னும் வரவில்லை.

தனித்தமிழ்:
"அடுக்கு."