சாம்ப்ளேன் கடற்கரையை எப்படி அளந்து வரைந்தார்?

கொட்டாஞ்சேனை சுபா

எங்கள் பிளாட்டில் சனிக்கிழமை பின்னேரங்களில் கொஞ்சப் பிள்ளைகளைச் சேர்த்து ஏதாவது வாசிப்போம். போன கிழமை கனடாவின் கதை வந்தது. பாதிப் பேருக்கு அங்கே மாமாவோ சித்தியோ இருப்பதால் ஆர்வத்துக்குக் குறைவில்லை. சாமுவேல் த சாம்ப்ளேன் என்ற பிரெஞ்சுக்காரர் 1608இல் கியூபெக்கை நிறுவினார், அதற்கு முன்பே வட அமெரிக்காவின் கிழக்குக் கரையை வரைபடமாக்கியிருந்தார் என்று சொல்லி முடிப்பதற்குள் ஒரு பொடியன் மறித்துவிட்டான். “சட்டலைட் இல்லை, டிரோன் இல்லை. கப்பலில் இருந்துகொண்டு கரை எந்தப் பக்கம் வளைகிறது என்று அவருக்கு எப்படித் தெரியும்?”

எனக்குப் பதில் தெரியவில்லை. தேடினால் “திசைகாட்டி, அஸ்ட்ரோலேப் ஆகியவற்றைப் பயன்படுத்தினார்” என்ற ஒரே வரிதான் எல்லா இடத்திலும் கிடக்கிறது. அவற்றை வைத்து அவர் என்னதான் செய்தார்? யாராவது பிள்ளைகளுக்கு விளங்குகிற மாதிரிச் சொன்னால் நல்லது.

இன்னொன்று. நான் காட்டிய படத்தில் கொழுத்த முகமும் மீசையுமாக ஒருவர் இருக்கிறார். அது அவர்தானா? ஒட்டாவாவில் இருக்கும் அக்கா மகள் ஒரு சிலையின் படமும் அனுப்பியிருக்கிறாள். அதில் கையில் வட்டமாக எதையோ தூக்கிப் பிடித்திருக்கிறார்.

தெகிவளை கண்ணன்

படத்தைப் பற்றி முதலில் சொல்லிவிடுகிறேன், சுபா அக்கா. அது அவர் இல்லை. பால்தசார் மொன்கோர்னே என்பவர் 1654இல் செதுக்கிய வேறொரு பிரெஞ்சு அதிகாரியின் உருவம் அது. 19ஆம் நூற்றாண்டில் யாரோ சாம்ப்ளேன் பெயரைப் போட்டுவிட்டார்கள், பிறகு பாடப்புத்தகம், தபால்தலை என்று எல்லா இடத்துக்கும் போய்விட்டது. அவர் உயிரோடு இருந்தபோது வரைந்த உருவப்படம் என்று நம்பக்கூடியது எதுவும் கிடையாது. 1609இல் ஒரு ஏரிக்கரையில் அவர் கலந்துகொண்ட சண்டையைக் காட்டும் படத்தில் தன்னைத்தானே சிறிதாகப் போட்டிருக்கிறார், அதில் முகம் தெரியாது.

பிறந்த ஆண்டிலும் குழப்பம்தான். முன்பு 1567, 1570 என்றெல்லாம் எழுதினார்கள். 2012இல் லா ரொஷெல் நகரத்து புரொட்டஸ்டன்ட் ஞானஸ்நானப் பதிவேட்டில் 1574 ஓகஸ்ட் 13 திகதியிட்ட ஒரு பதிவு கண்டெடுக்கப்பட்டது. அது அவருடையதாக இருக்கலாம் என்கிறார்கள். வளர்ந்தது புரூவாஜ் என்ற உப்புத் துறைமுகத்தில். இப்போது அந்த ஊரைப் போய்ப் பார்த்தால் கடலையே காணோம், வண்டல் நிரம்பித் துறைமுகம் மேடாகிவிட்டது.

ஒட்டாவா சிலை 1915இல் வைத்தது. கையில் இருப்பது அஸ்ட்ரோலேப்தான். சிற்பி அதைத் தலைகீழாகக் கொடுத்துவிட்டார்! பிள்ளைகளுக்கு இதைக் கட்டாயம் சொல்லுங்கள். அளக்கிற விதம் பற்றிச் சொல்ல நான் ஆளில்லை, சர்வேயர் ஐயா வருவார்.

பழைய சர்வேயர், வெள்ளவத்தை

கூப்பிட்டாயிற்று, வந்துவிட்டேன்.

சுபா பிள்ளை, நான் கடல் அளந்தவன் இல்லை. புத்தளம், மன்னார் பக்கம் காட்டிலும் களப்போரத்திலும் சங்கிலி இழுத்து ஓய்வு பெற்றவன். ஆனால் அடிப்படை எங்கேயும் ஒன்றுதான்: ஓரிடத்தில் நில், அடுத்த இடத்துக்குத் திசை பார், தூரம் குறி, அங்கே போய்த் திரும்பிப் பார்.

சாம்ப்ளேன் 1604 முதல் 1607 வரை கனடாவின் நோவா ஸ்கோஷியாவில் இருந்து இன்றைய அமெரிக்காவின் கேப் கொட் வரைக்கும் அந்தக் கரையை இப்படித்தான் பிடித்தார். பெரிய கப்பலில் அல்ல. 1604 செப்டெம்பரில் தெற்கே போனபோது அவரிடம் இருந்தது 17, 18 தொன் படகு. கூடவே 12 மாலுமிகள், அந்த ஊர்க்காரர் இரண்டு பேர் வழிகாட்டிகளாக. சின்னப் படகு என்றால்தான் கரையை ஒட்டிப் போகலாம். ஒரு முனையில் நின்று அடுத்த முனை திசைகாட்டியில் எந்தப் பக்கம் தெரிகிறது என்று குறிப்பார். காற்று எப்படி, படகு என்ன வேகம், மணற்கடிகாரம் எத்தனை தரம் கவிழ்ந்தது என்பதை வைத்துத் தூரத்தை மதிப்பார். அடுத்த முனைக்குப் போனதும் பழைய முனையைத் திரும்பிப் பார்த்துத் திசை சரிதானா என்று பார்ப்பார். இடையில் தெரிகிற தீவு, மலை எல்லாவற்றுக்கும் இரண்டு இடத்தில் இருந்து திசை பிடித்தால், கோடுகள் வெட்டுகிற இடத்தில் அது இருக்கிறது. இப்படி முனைக்கு முனை திசையும் தூரமும் பிடித்துப் போவதை எங்கள் வேலையில் திராவேஸ் என்போம்.

இதில் பிழை சேர்ந்துகொண்டே போகும். அதைப் பிடித்து நிறுத்தத்தான் அஸ்ட்ரோலேப். கனமான பித்தளை வட்டம், மேலே வளையம், நடுவில் சுழலுகிற ஒரு சட்டம். வளையத்தில் தொங்கவிட்டு நடுப்பகலில் சூரியன் எவ்வளவு உயரம் என்று பார்ப்பது. ஆடுகிற படகில் சரிவராது, கரையில் இறங்கித்தான் பார்க்க வேண்டும். ஏப்ரல் முதல் வாரத்தில் கொழும்பில் 12 மணி கடந்து கொஞ்ச நேரத்தில் வெளியே நின்று பாருங்கள், நிழல் காலுக்கடியில் ஒளிந்துகொள்ளும். அதே நாளில் கனடாவில் நிழல் நீளமாக விழும். அந்த வித்தியாசம்தான் வடக்கே எவ்வளவு தூரம் வந்திருக்கிறோம் என்ற கணக்கு.

எவ்வளவு சரியாக வந்தது? அவர்கள் முதல் குளிர்காலத்தைக் கழித்த செயின்ட் குரோய் தீவுக்கு 45 பாகை 20 கலை என்று எழுதினார் (ஒரு பாகையில் 60 கலை). இன்றைய அளவு ஏறக்குறைய 45 பாகை 8 கலை. நிலத்தில் அது 20 கிலோமீட்டருக்குச் சற்று மேல், கோட்டையில் நின்று மொரட்டுவையைத் தாண்டிச் சுட்டிக்காட்டுகிற அளவு. கையில் தொங்குகிற ஒரு பித்தளைத் தட்டுக்கு நான் இதைக் குறையாகச் சொல்ல மாட்டேன். கிழக்கு மேற்குதான் கஷ்டம். அதற்கு நம்பகமான கடல் கடிகாரம் வேண்டும், அது 18ஆம் நூற்றாண்டில்தான் வந்தது. ஆகவே அந்தப் பக்கம் முழுக்க மதிப்பீடுதான்.

அதே தீவில் ஊசியின் விலகலையும் அளந்திருக்கிறார்: 17 பாகை 32 கலை. அதாவது காந்த ஊசி காட்டுகிற வடக்கு உண்மையான வடக்கில் இருந்து அவ்வளவு தள்ளி நிற்கிறது. கொழும்பில் இது மிகக் குறைவு, அதனால் நம்மவர்கள் கவனிப்பதே இல்லை. அவருடைய 1612 வரைபடத்தில் கரை ஒரு பக்கம் சாய்ந்தாற்போல் தெரிவதற்கும் இதுதான் காரணம். மாலுமியின் கையில் உள்ள ஊசிக்கு ஒத்துவர வேண்டும் என்று வேண்டுமென்றேதான் அப்படி வரைந்தார்.

துறைமுகங்களைத் தனித்தனியாகப் பெரிதாக வரைந்தார். ஈயக்குண்டு கட்டிய கயிற்றை இறக்கி ஆழம் பார்த்து அந்தந்த இடத்தில் எண் போட்டார். வீடுகள், சோளத் தோட்டம், மணல்திட்டு எல்லாவற்றுக்கும் எழுத்துக் குறி. இன்று பிளிமத் என்று ஆங்கிலேயர் குடியேற்றத்துக்காகப் பெயர்போன இடத்தை 1605இலேயே இப்படி வரைந்துவிட்டார், அவர்கள் வருவதற்கு 15 ஆண்டுகள் முன்னால்.

எனக்கு அவரிடம் உண்மையில் பிடித்தது கருவிகள் இல்லை. அவர் ஊர்ச்சனத்தைக் கேட்டார். 1605 ஜூலையில் கேப் ஆன் பக்கம் சிலரைச் சந்தித்தபோது, அதுவரை தான் பார்த்த கரையைக் கரித்துண்டால் வரைந்து காட்டினார். அவர்கள் அதே கரியை வாங்கி, அவர் இன்னும் பார்க்காத அடுத்த விரிகுடாவை வரைந்தார்கள். பிறகு ஆறு கூழாங்கற்களை எடுத்து இடைவெளி விட்டு வைத்தார்கள். அங்கே ஆறு தலைவர்கள், ஆறு கூட்டங்கள் என்று அர்த்தம். ஒருவர் பேசுவது மற்றவருக்கு முழுதாக விளங்காது, ஆனாலும் படம் விளங்கிவிட்டது.

1603இல் முதன்முதலாகக் கனடாவுக்குப் போனபோதும் இதையேதான் செய்தார். இன்றைய மொன்றியலுக்கு அருகே ஆற்றின் வேகப்பாய்ச்சல் படகைத் தடுத்துவிட்டது. அதற்கு மேல் என்ன இருக்கிறது என்று வெவ்வேறு ஆட்களை வெவ்வேறு நாளில் கேட்டு, பதில்களை ஒன்றோடொன்று வைத்துப் பார்த்தார். பெரிய ஏரி, அப்புறம் ஒரு அருவி, அப்புறம் இன்னும் பெரிய ஏரி. காணி எல்லை பிடிக்கும்போது இரண்டு பக்கத்து ஆட்களையும் தனித்தனியே கூப்பிட்டுப் பழைய கிணறு எங்கே இருந்தது என்று கேட்போமே, அப்படி. நயாகரா அருவியை அவர் கண்ணால் பார்த்ததே இல்லை. ஆனால் 1632 வரைபடத்தின் குறிப்பில், மிக உயரமான அருவி, அதில் விழுகிற மீன்கள் மயங்கிப்போகும் என்று எழுதியிருக்கிறார். அது கேட்டு எழுதியது. அளந்த கரை சரியாக நிற்கிறது, கேட்டு வரைந்த மேற்கு ஏரிகள் கோணல்மாணலாக இருக்கின்றன. இரண்டும் ஒரே தாளில் இருப்பதுதான் அந்தப் படத்தின் சுவை.

நிரோ, பம்பலப்பிட்டி

ஐயா, அருமையாகச் சொன்னீர்கள். ஒரு சந்தேகம். இவ்வளவு நல்லவராகக் காட்டினால் பிள்ளைகள் என்ன நினைப்பார்கள்? வரைபடம் வந்தால் பின்னால் குடியேறுகிறவர்களும் வருவார்கள், நம் தீவுக்குப் போர்த்துக்கீசர் வந்த கதை தெரியாதா? 1609இல் துப்பாக்கியோடு போய் மோஹாக் என்ற அந்த மண்ணின் பழங்குடித் தலைவர்களைச் சுட்டதும் இவர்தானே? 12 வயதுப் பிள்ளையைக் கலியாணம் செய்ததையும் எங்கோ வாசித்தேன்.

பழைய சர்வேயர், வெள்ளவத்தை

தம்பி நிரோ, இரண்டும் உண்மை. மறைக்கச் சொல்லவில்லை.

1609 ஜூலையில் இன்று அவர் பெயரில் உள்ள ஏரிக்கரையில் நடந்தது அது. பிரெஞ்சுக்காரரோடு சேர்ந்த இன்னு, அல்கொன்கின், ஹியூரோன் பழங்குடி ஆட்கள் சுமார் 60 பேர், பிரெஞ்சுக்காரர் மூன்றே பேர். எதிரே ஏறக்குறைய 200 மோஹாக் வீரர்கள். தன் துப்பாக்கியில் நான்கு ரவை போட்டு ஒரே வெடியில் இரண்டு தலைவர்களை வீழ்த்தியதாக அவரே எழுதியிருக்கிறார். தோல் வியாபாரத்துக்காக ஒரு பக்கம் சேர்ந்தார், அதன் பகையைப் பிரெஞ்சுக்காரர் பல காலம் சுமந்தார்கள். 1615இல் அதே கூட்டாளிகளோடு போன இன்னொரு சண்டையில் முழங்காலில் அம்பு பட்டு, ஒருவரின் முதுகில் கூடையில் வைத்துச் சுமந்து வந்தார்கள். அந்தக் குளிர்காலம் ஹியூரோன் ஊர்களில் தங்கினார். அவர்களின் வாழ்க்கையைப் பற்றி அவர் எழுதியதில் நல்ல பகுதி அப்போது கிடைத்ததுதான். பிறகு 1630களில் ஐரோப்பியரோடு வந்த நோய்களால் அந்தச் சனத்தில் ஏறக்குறைய பாதிப்பேர் செத்துப்போனார்கள். அதையும் சொல்ல வேண்டும்.

மனைவி எலேன் புலே. 1610 டிசெம்பரில் ஒப்பந்தம் எழுதும்போது 12 வயது, அவருக்கு நாற்பதை நெருங்கிய வயது. அந்தக் காலத்து வழக்கம் என்று தட்டிக்கழிக்க எனக்கு மனமில்லை. இரண்டு ஆண்டு பெற்றோர் வீட்டிலேயே இருக்க வேண்டும் என்று எழுதியிருந்தார்கள். கியூபெக்கில் அவள் இருந்தது 1620 முதல் 1624 வரைதான். அவர் செத்தபின் கன்னியர் மடத்தில் சேர்ந்துவிட்டாள்.

ஆனால் “நல்லவரா கெட்டவரா” என்று பிள்ளைகளை வாக்குப்போட விட வேண்டாம் என்பது என் அபிப்பிராயம். பொடியன் கேட்டது எப்படி வரைந்தார் என்று. அதற்குப் பதில் சொல்லும்போதே வழிகாட்டிகள், கரித்துண்டு, கற்கள் என்று எல்லாரும் உள்ளே வந்துவிடுவார்கள்.

தெகிவளை கண்ணன்

குளிர்காலங்களையும் விட்டுவிடாதீர்கள். செயின்ட் குரோய் தீவில் 79 பேரில் 35 பேர் ஸ்கர்வி நோயில் போனார்கள். கியூபெக்கில் 1608 குளிருக்கு 28 பேர் தங்கினார்கள், எட்டுப் பேர்தான் மிஞ்சினார்கள், அதில் சாம்ப்ளேனும் ஒருவர். 1629இல் கியூபெக்கை ஆங்கிலேயப் பக்கம் நின்ற கேர்க் சகோதரர்களிடம் ஒப்படைக்க வேண்டி வந்தது. 1632 உடன்படிக்கையில் பிரான்சுக்குத் திரும்பக் கிடைத்ததும் மறுபடி போய், 1635 நத்தார் தினத்தில் அங்கேயே இறந்தார். கல்லறை எங்கே என்று இன்றுவரை கண்டுபிடிக்கவில்லை.

கொட்டாஞ்சேனை சுபா

எல்லாருக்கும் நன்றி. நிரோ சொன்னதையும் சேர்த்தே சொல்லப்போகிறேன். சர்வேயர் ஐயா, பிள்ளைகளைக் கடற்கரைக்குக் கூட்டிக்கொண்டுபோய் அந்தத் திசை பிடிக்கிற வேலையைச் செய்துகாட்ட முடியுமா? காலிமுகத்திடல் எங்களுக்குக் கிட்ட.

பழைய சர்வேயர், வெள்ளவத்தை

காலிமுகத்திடல் நேர்கோடு பிள்ளை, அங்கே வளைவு பிடிபடாது. வெள்ளவத்தைக்கு வாருங்கள். இங்கிருந்து தெற்கே பார்த்தால் கல்கிசை முனை வெளியே தள்ளிக்கொண்டு தெரியும். அதற்கு ஒரு திசை எடுங்கள். தெகிவளைப் பக்கமாகக் காலடிகளை எண்ணிக்கொண்டு நல்ல தூரம் நடந்து, நின்று, அதே முனைக்கு மறுபடி திசை எடுங்கள். கட்டக் கொப்பியில் இரண்டு கோட்டையும் போட்டால் முனை தானாக வந்து உட்காரும். மீன்பிடிக்கிறவர்கள் நின்றால் எங்கே பாறை, எங்கே ஆழம் என்று கேட்டு அதை வேறு நிறப் பென்சிலால் போடச் சொல்லுங்கள். அளந்தது ஒரு நிறம், கேட்டது ஒரு நிறம்.

திசைகாட்டி நான் கொண்டுவருகிறேன். போனில் உள்ளது வேண்டாம், காந்தம் வைத்த உறை போட்டிருந்தால் கண்டபடி காட்டும். முக்கியமாக, தண்டவாளத்தை விட்டு நன்றாகத் தள்ளி மணலில் நிற்க வேண்டும். இரும்புக்குக் கிட்டப் போனால் ஊசி திரும்பிவிடும். ரயிலும் வரும்.